ஊர் யாருக்கு இருந்தது? நகர அந்நியமாதலும் பரிசோதனைக் குறும்படங்களும்

வெலிங்டன் கடைவீதியில் ஒரு மாடி அறை. வெளியே மாலை நான்கு மணிக்கே பனிமூட்டம் இறங்கிவிட்டிருந்தது. கல்லூரி மாணவர்கள் பத்துப் பேருடன் அமர்ந்து, மணி கௌலின் ‘அரைவல்’ என்னும் குறும்படத்தை மடிக்கணினியில் பார்த்தோம். 1980ஐ ஒட்டி, இந்திய அரசின் திரைப்படப் பிரிவுக்காக அவர் எடுத்த, சுமார் இருபது நிமிடப் படம் அது. ‘வந்துசேர்தல்’ என்று தலைப்பைத் தமிழாக்கலாம். பம்பாய்ச் சந்தைக்குக் காய்கறியும் பழமும் பூவும் மூட்டை மூட்டையாக வந்து இறங்குகின்றன. ஆடுகள் வந்து இறங்குகின்றன. அவற்றைப் போலவே கூலியாட்களும் வந்து சேர்ந்து, யாரேனும் வேலைக்கு அழைப்பார்களா என்று காத்து நிற்கிறார்கள். விளக்கக் குரலை நம்பாமல், படிமங்களை அடுத்தடுத்து வைத்தே மனிதனும் பண்டமும் ஒன்றாகிவிட்ட நிலையைப் படம் நம் முன் நிறுத்துகிறது.

படம் முடிந்ததும் வழக்கமான உரையாடல் தொடங்கிற்று. நகரம் மனிதனை அவனுடைய ஊரிலிருந்து பிடுங்கி எறிகிறது, உறவுகளை அறுக்கிறது, முகமற்றவனாக்குகிறது என்று நாமும் பேசிக்கொண்டிருந்தோம். அப்போது தேயிலைத் தோட்டத்து லயன் வீட்டில் பிறந்து, கோவையில் பட்டப்படிப்புப் படிக்கும் மாணவி ஒருவர் குறுக்கிட்டார். “பிடுங்குறதுக்கு முன்னாடி வேர்னு ஒண்ணு இருந்துச்சாண்ணா? எனக்குக் கோயம்புத்தூர்ல பஸ் ஏறி உட்கார்ந்தாத்தான் மூச்சு விடுற மாதிரி இருக்கு. அங்க யாரும் எந்த எஸ்டேட், எந்த லைன்னு கேக்கமாட்டாங்க.”

அன்று அதற்கு நம்மிடம் முழுமையான விடை இருக்கவில்லை. நகர வாழ்வின் அந்நியமாதலைப் பேசும் பரிசோதனைக் குறும்படங்களை அறிமுகப்படுத்துவதே இக்கட்டுரையின் நோக்கம் என்றாலும், அவர் எழுப்பிய கேள்வியின் வழியாகவே அவற்றை அணுக விரும்புகிறோம்.

சொல்லும் அதன் எல்லையும்

‘அந்நியமாதல்’ என்ற சொல் தமிழ்ச் சிந்தனை உலகில் வேரூன்றியதில் எஸ்.வி. ராஜதுரையின் பங்கு பெரிது. 1975இல் எக்ஸிஸ்டென்ஷியலிசம் குறித்தும், 1979இல் ‘அந்நியமாதல்’ என்ற தலைப்பிலேயேயும் அவர் எழுதிய நூல்கள் ஒரு தலைமுறை இளைஞர்களுக்கு மார்க்ஸின் இளமைக்கால எழுத்துகளை அறிமுகம் செய்தன. அவர் பின்னர் பல்லாண்டுகள் வாழ்ந்தது இங்கிருந்து கூப்பிடு தொலைவிலுள்ள கோத்தகிரியில் என்பது நமக்கு ஓர் உள்ளூர்ப் பெருமை. மார்க்ஸ் 1844ஆம் ஆண்டுக் கையெழுத்துப் பிரதிகளில் நான்கு வகை அந்நியமாதலைப் பேசுகிறார். உழைப்பவர் தாம் படைத்த பொருளிலிருந்தும், தம் உழைப்புச் செயலிலிருந்தும், தம் மனித இயல்பிலிருந்தும், சக மனிதரிடமிருந்தும் அந்நியமாகிறார். இதில் நான்காவதை இந்தியாவில் முதலாளியம் புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை. சாதி உழைப்பைப் பிரிப்பதோடு நில்லாமல் உழைப்பவர்களையே பிரித்துப் படிநிலையில் அடுக்கிவைக்கிறது என்பதுதான் அம்பேத்கர் 1936இல் ‘சாதி ஒழிப்பு’ நூலில் வைத்த வாதம்.

தமிழ் நவீன இலக்கியமும் அதைப் பின்பற்றிய குறும்படங்களும் அந்நியமாதலைப் பெரும்பாலும் ஒரே கதையாகச் சொல்லிவந்திருக்கின்றன. ஒருவன் ஊரை விட்டு நகரத்துக்கு வருகிறான். திருவல்லிக்கேணி மேன்ஷன் அறையில் மின்விசிறியைப் பார்த்தபடி படுத்திருக்கிறான். ஊரின் குளமும் கோயில் திருவிழாவும் பாட்டியின் கைமணமும் நினைவில் வந்துபோகின்றன. இழந்த ஊரே அவன் துயரத்தின் அளவுகோல்.

தமிழில் ‘ஊர்’ என்பது வெறும் நிலப்பெயர் அன்று. ஊர் உண்டு, அதற்கு வெளியே சேரி உண்டு. ஊர்த் திருவிழா, ஊர்ப் பொதுக்கிணறு, ஊர்க்கூட்டம் எனும்போது அவற்றுள் சேரி அடங்குவதில்லை. ஊருக்குள் செருப்பணிந்து நடக்க முடியாதவருக்கு ஊரை இழந்த ஏக்கம் எங்கிருந்து வரும்? 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் கிராமப் பெருமையை அம்பேத்கர் அவ்வளவு கடுமையாக மறுத்ததற்கும், நகரத்துக்குப் போங்கள் என்ற குரல் தலித் இயக்கங்களில் திரும்பத் திரும்ப ஒலித்ததற்கும் காரணம் இதுவே.

இதனால் நகரத்தில் தலித்துக்கு அந்நியமாதல் இல்லை என்று ஆகிவிடாது. அதன் திசைதான் வேறு. மேன்ஷன் அறையில் படுத்திருப்பவனின் துயரம், தன்னை யாரும் அறியவில்லை என்பது. சேரியிலிருந்தும் லயன் வீட்டிலிருந்தும் நகரத்துக்கு வந்தவரின் அச்சம், தன்னை யாரேனும் அறிந்துவிடுவார்களோ என்பது. நகரத்தைப் பற்றிய ஒரு குறும்படம் இவ்விரண்டில் எதைக் காண்கிறது, எதைக் காணவே இல்லை என்று கேட்டுக்கொண்டே நாம் மேலே செல்லலாம்.

பம்பாயின் கேமராக்கள்

நகரமே நாயகனாகும் படங்கள் பேசாப்படக் காலத்திலேயே தோன்றிவிட்டன. நியூயார்க்கைப் பற்றிய ‘மன்ஹாட்டா’ (1921), வால்டர் ருட்மானின் பெர்லின் படம் (1927), ஸீகா வெர்ட்டோவின் ‘மூவி கேமராவுடன் ஒரு மனிதன்’ (1929) ஆகியவற்றை ‘நகர சிம்பொனி’கள் என்பர். கதை இல்லை, பாத்திரம் இல்லை. சக்கரங்கள், படிக்கட்டுகள், கூட்டம், காலையிலிருந்து இரவு வரையிலான நகரத்தின் மூச்சு. காட்சிகளை வெட்டி ஒட்டும் முறையிலேயே பொருள் பிறக்கிறது. பரிசோதனைப் படம் என்று நாம் சொல்வது இத்தகைய ஆக்கங்களையே. கதையைச் சொல்லி முடிப்பதைவிட, பார்க்கும் முறையையே மாற்ற முயல்பவை இவை.

இந்தியாவில் இதற்கு இடம் கொடுத்தது, விந்தையாக, ஓர் அரசுத் துறை. 1948இல் தொடங்கப்பட்ட திரைப்படப் பிரிவு, திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன் காட்டப்பட்ட செய்திப்படங்களுக்குப் பெயர் பெற்றது. 1960களின் பிற்பாதியில் ழான் பௌனகரியின் ஊக்குவிப்பில் அங்கே சில இளைஞர்கள் துணிச்சலான வேலைகளைச் செய்தார்கள். பிரமோத் பதி 1970இல் எடுத்த ‘டிரிப்’ சில நிமிடங்களே ஓடும் படம். உயிருள்ள மனிதர்களையே பொம்மைகளைப் போல் ஒவ்வொரு சட்டகமாகப் படம்பிடித்து, பம்பாய்த் தெருக்களில் அவர்கள் தோன்றுவதும் மறைவதுமாக ஆக்கிவிட்டார். நகரம் அப்படியே இருக்க, மனிதர்கள்தான் வந்துபோகும் புள்ளிகள்.

அதே 1970இல் ஓவியர் தையப் மேத்தா எடுத்த படத்தின் பெயர் ‘கூடல்’. ஆம், நம் தமிழ்ச் சொல்லேதான். பம்பாயின் பாந்த்ரா இறைச்சிக்கூடத்தில் வீழ்த்தப்படும் மாட்டின் பிம்பம் அதில் ஆற்றலோடு வருகிறது. பிரிவினைக்கால வன்முறையைக் கண்ணால் கண்ட ஓவியரின் கையில் அந்த விலங்கு மானுட வேதனையின் உருவகமாகிறது. பல முறை பார்க்கத் தக்க படம். ஆனால் பார்க்கும்தோறும் நமக்கு ஒரு நெருடல் எழுகிறது. மாடு உருவகமாகிவிட்டது. மாட்டை அறுப்பவர்? அவருக்கு அது உருவகமன்று, அன்றாட வேலை. வேலை முடிந்து அவர் எந்தத் தெருவுக்குப் போகிறார் என்று அந்தப் படம் கேட்பதில்லை.

நளினி மலானியின் ‘உட்டோபியா’ (1969–1976) இன்னொரு வகை. ஒரு பக்கம் நவீனக் கட்டட மாதிரிகளை வண்ணத்தில் காட்டும் கனவு நகரம். மறு பக்கம் கறுப்பு வெள்ளையில், சன்னலருகே நின்று கீழே விரியும் குடிசைப் பகுதியைப் பார்க்கும் ஓர் இளம்பெண். சுதந்திர இந்தியாவின் நகரத் திட்டமிடல் யாருக்கானது என்ற ஐயத்தை இரு திரைகளின் இடைவெளியிலேயே வைத்துவிடுகிறார். பார்ப்பவளின் தனிமை நமக்குப் புரிகிறது. பார்க்கப்படும் குடிசைகளிலிருந்து மேலே நிமிர்ந்து அந்தச் சன்னலைப் பார்த்தவர்களின் கண் மட்டும் இல்லை.

அந்தக் கண்ணும் அதே ஆண்டுகளில் அதே பம்பாயில்தான் இருந்தது. வாடகைக்கார் ஓட்டிய நாம்தேவ் தசால், காமாத்திபுரத்துக்கு அருகிலுள்ள சேரியில் வளர்ந்தவர். 1972இல் ‘கோல்பிட்டா’ தொகுப்பை வெளியிட்டார். அதே ஆண்டில் நண்பர்களுடன் சேர்ந்து தலித் பேந்தர்ஸ் இயக்கத்தைத் தொடங்கினார். நகரத்தின் அடிவயிற்றை மராத்திக் கவிதை அதற்குமுன் அப்படிச் சொன்னதில்லை. அவர் கையில் பேனா இருந்தது, பிலிம் சுருள் இல்லை. ஒரு கவிதைக்குத் தாள் போதும். பதினாறு நிமிடப் படத்துக்கு அரசுத் துறையோ செல்வரோ தயவு காட்ட வேண்டும். இந்தியப் பரிசோதனைப் படங்களின் முதல் தலைமுறையில் தலித் இயக்குநர் பெயர் நமக்குத் தட்டுப்படாததன் காரணங்களில் இந்தப் பொருளாதாரமும் ஒன்று. அதைப் பேசாமல் அழகியலை மட்டும் பேசும் விமர்சனங்களை நாம் ஐயத்தோடு வாசிப்பதே நல்லது.

டக்காரும் லாஸ் ஏஞ்சலிஸும்

கடலுக்கு அப்பால், வேறொரு ஒதுக்குதலின் வரலாற்றிலிருந்து வந்த இரு குறும்படங்களை மாணவர்கள் தேடிப் பார்க்க வேண்டும்.

செனகல் நாட்டின் உஸ்மான் செம்பேன் 1963இல் எடுத்த ‘போரோம் சாரெட்’ ஏறத்தாழ இருபது நிமிடப் படம். டக்கார் நகரில் குதிரைவண்டி ஓட்டும் ஒருவரின் ஒரு நாள். பலர் அவருக்குக் காசு தருவதில்லை. இறந்த குழந்தையை ஏந்திய ஒருவரை இடுகாட்டில் கொண்டுபோய் விடுகிறார். தாள்கள் சரியில்லை என்று அவரை உள்ளே விட மறுக்கிறார்கள். பிறகு நல்ல உடை அணிந்த ஒருவர் பேச்சால் மயக்கி, குதிரைவண்டிகள் நுழையக் கூடாத, முன்பு வெள்ளையர் வாழ்ந்த மேட்டுக்குடிப் பகுதிக்கு அவரை ஓட்டச் செய்கிறார். காவலர் வண்டியைப் பறிமுதல் செய்கிறார். வண்டிக்காரர் போரில் பெற்ற பதக்கம் கீழே விழ, காவலரின் காலணி அதன் மேல் ஏறுகிறது. வீடு திரும்பினால், மனைவி குழந்தையை அவர் கையில் கொடுத்துவிட்டு, இரவு உணவுக்கு வழி செய்வதாகச் சொல்லி வெளியே போகிறாள்.

இந்தப் படத்தில் நகரம் ஒரே வெளி அன்று. கண்ணுக்குத் தெரியாத கோடு ஒன்று அதன் நடுவே ஓடுகிறது. அந்தக் கோட்டைத் தாண்டிய பின்னரே அது இருப்பது தெரிகிறது. அக்கிரகாரத் தெருக்களையும் ஊர்த் தெருக்களையும் அறிந்த நமக்கு இதை விளக்கத் தேவையில்லை. வண்டிக்காரரின் மனக்குரல் படம் முழுக்கக் கேட்டுக்கொண்டிருப்பதையும் கவனிக்கலாம். ‘அரைவல்’ கூலியாட்களுக்குக் கொடுக்காதது அதுதான்.

அமெரிக்கக் கறுப்பின இயக்குநர் சார்லஸ் பர்னெட்டின் ‘கில்லர் ஆஃப் ஷீப்’ (1978) முழுநீளப் படம் என்றாலும், ‘கூடல்’ பார்த்தவர்கள் அதையும் அடுத்துப் பார்க்கலாம். இறைச்சிக்கூடத் தொழிலாளி அங்கே வீடு திரும்புகிறார், மனைவியோடு நடனமாட முயல்கிறார், உறக்கம் வராமல் தவிக்கிறார். பர்னெட் 1995இல் எடுத்த பதின்மூன்று நிமிடக் குறும்படம் ‘வென் இட் ரெயின்ஸ்’ இன்னும் எளியது. புத்தாண்டு நாளில், வாடகை கட்ட முடியாமல் தெருவுக்கு வரவிருக்கும் ஒரு தாய்க்காக, அக்கம்பக்கத்தில் வீடு வீடாகப் பணம் கேட்டு அலைகிறார் ஒருவர். இறுதியில் சிக்கலைத் தீர்ப்பது பணமன்று, ஒரு ஜாஸ் இசைத்தட்டு. நகரத்தின் தனிமையைச் சொல்ல வந்த படத்தில் ஒரு குடியிருப்பே கூடி நிற்கிறது. அந்நியமாதல் என்றாலே ஆளற்ற அறையைக் காட்டியாக வேண்டும் என்று எண்ணும் நம் இளம் இயக்குநர்களுக்கு இதைப் பரிந்துரைக்கிறோம்.

அறை என்னும் கேள்வி

அந்நியமாதல் படங்களில் அறை மீண்டும் மீண்டும் வருவது தற்செயலன்று. தனிமையில் தவிக்கவும் ஒருவருக்கு நான்கு சுவர்கள் வேண்டும். அந்த அறை அவருக்கு எப்படிக் கிடைத்தது என்று படங்கள் சொல்வதில்லை. வாடகைக்கு வீடு தேடிய தலித்துகளுக்கு அதுவே முதல் கதை. டெல்லிப் பெருநகரப் பகுதியின் வாடகை வீட்டுச் சந்தையில் சாதியும் மதமும் எவ்வாறு கதவடைக்கின்றன என்பதை சுகதேவ் தோரட்டும் சக ஆய்வாளர்களும் 2015இல் ஆய்வாகவே வெளியிட்டனர்.

அதற்கு ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக்கு முன், 1917இல், வெளிநாட்டில் படித்துத் திரும்பிய அம்பேத்கர் பரோடாவில் பணியேற்கச் சென்றார். தங்க இடமில்லை. பார்சி விடுதியொன்றில் பார்சிப் பெயரோடு பதிந்துகொண்டு தங்கினார். ‘விசாவுக்காகக் காத்திருத்தல்’ என்னும் தன்வரலாற்றுக் குறிப்பில் அந்த விடுதியை அவர் வர்ணிப்பதைப் படித்தவர்கள் மறக்கமாட்டார்கள். வேறு எவருமே தங்காத பெரிய கட்டடம், மங்கிய ஒரே விளக்கு, இருளில் பறக்கும் வௌவால்கள், பேச்சுத்துணைக்கு ஒருவரும் இல்லாத இரவுகள். பதினோராம் நாள் காலை, தடிகளோடு வந்த கூட்டம் அவரை வெளியேறச் சொன்னது. நண்பர்கள் வீட்டிலும் இடம் கிடைக்காமல், பொதுப் பூங்காவில் மாலைவரை அமர்ந்திருந்துவிட்டு அவர் பம்பாய்க்கு ரயிலேறினார்.

நகர அந்நியமாதலைப் பற்றி இந்தியாவில் எழுதப்பட்ட மிகக் கூர்மையான பக்கங்கள் இவை என்று நாம் கருதுகிறோம். இதில் இரு அடுக்குகள் உள்ளன. யாரோடும் பேச முடியாத தனிமை ஓர் அடுக்கு. அந்தத் தனிமையையும் பொய்ப்பெயரால்தான் விலைக்கு வாங்க முடிந்தது என்பது அதன் கீழ் அடுக்கு. ஐரோப்பியத் தனிமைப் படங்களில் முதல் அடுக்கு மட்டுமே இருக்கும்.

2016 ஜனவரியையும் இங்கே நினைவுகூர வேண்டும். ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழகத்தில் விடுதியிலிருந்து வெளியேற்றப்பட்ட ஐந்து தலித் ஆய்வு மாணவர்கள் வளாகத்தின் திறந்தவெளியில் தலைவர்களின் படங்களை வைத்துக் கூடாரம் அமைத்தார்கள். அதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘வெலிவாடா’. ஊருக்குப் புறத்தே ஒதுக்கப்பட்ட குடியிருப்பைக் குறிக்கும் தெலுங்குச் சொல் அது. பெருநகரத்தின் நடுவே, உயர்கல்வி நிறுவனத்தின் உள்ளே, சேரி மீண்டும் உருவாக்கப்பட்டதை ஒரே சொல்லால் அவர்கள் காட்டிவிட்டார்கள். அந்த ஐவரில் ஒருவரான ரோஹித் வேமுலா ஜனவரி 17 அன்று உயிர்நீத்தார். அதைத் தொடர்ந்து எழுந்த மாணவர் போராட்டங்களின் காட்சிகள் பாயல் கபாடியாவின் ‘எ நைட் ஆஃப் நோயிங் நத்திங்’ (2021) படத்தில் இடம்பெறுகின்றன. சாதியின் பெயரால் காதலனிடமிருந்து பிரிக்கப்பட்ட மாணவியின் கடிதங்களாக விரியும் அது குறும்படமன்று. எனினும் கடிதம், பழைய பிலிம் துணுக்கு, இரவுநேர விடுதி ஆகியவற்றைக் கோத்த அதன் முறையிலிருந்து குறும்பட இயக்குநர்கள் கற்கலாம்.

தமிழில்

தமிழ்க் குறும்படத்தின் பாதை சற்றே முரணானது. படத்தொகுப்பாளர் பி. லெனின் 1992இல் எடுத்த ‘நாக்-அவுட்’ தேசிய விருது பெற்றது. கவனிப்பாரற்றுப் போன ஒரு குத்துச்சண்டை வீரரின் முடிவைச் சொல்லும் அப்படம் பின்வந்தவர்களுக்கு ஊக்கம் தந்தது. பின்னர் தொலைக்காட்சிப் போட்டிகள் வந்தன. குறும்படம் என்பது முழுநீளப் படத் தயாரிப்பாளரிடம் நீட்டும் அறிமுக அட்டையாக மாறிற்று. திறமையானவர்கள் பலர் அவ்வழியே வந்தார்கள். ஆயினும் பரிசோதனைக்கு அதனால் நன்மை விளையவில்லை என்றே நமக்குப் படுகிறது. இறுதியில் ஒரு திருப்பம் இருந்தாக வேண்டும் என்ற கட்டாயம் எல்லாவற்றையும் விழுங்கிவிட்டது.

மாற்று மரபு மதுரையிலிருந்து வந்தது. ஆர்.பி. அமுதன் 1990களின் இறுதியிலிருந்து அங்கே ஆவணப்பட, குறும்பட விழாக்களை நடத்திவந்தார். அவர் 2003இல் எடுத்த ‘பீ’ அரை மணி நேரத்துக்கும் குறைவான ஆவணப்படம். மதுரையின் ஒரு தெருவில் மனிதக் கழிவை அள்ளும் பெண் தொழிலாளியின் பணியைக் கேமரா பின்தொடர்கிறது. பின்னணி இசையால் நம்மை அழவைக்க முயல்வதில்லை, அவசரப்படுவதும் இல்லை. வேலை எவ்வளவு நேரம் எடுக்கிறதோ அவ்வளவு நேரம் நாமும் நின்று பார்க்க வேண்டியிருக்கிறது. முகத்தைத் திருப்பிக்கொள்ளும் பார்வையாளர், அத்தெருவில் மூக்கைப் பொத்திக்கொண்டு கடந்து போகிறவர்களில் ஒருவராகிவிடுகிறார். இதை யாரும் ‘பரிசோதனைப் படம்’ என்று வகைப்படுத்துவதில்லை. காலத்தைக் கையாளும் முறையால் பார்ப்பவரின் இடத்தையே கேள்விக்குள்ளாக்குவது பரிசோதனை இல்லையென்றால் வேறு எது பரிசோதனை என்று நாம் கேட்கிறோம். உழைப்பின் விளைபொருளிலிருந்து தொழிலாளி அந்நியமாகிறார் என்கிறது மார்க்ஸியம். அள்ளிய கழிவையும் அதை அள்ளியவரையும் ஒன்றாகவே பார்க்கும் சமூகத்தில் அந்த வாய்பாட்டைத் திருத்தி எழுத வேண்டியிருப்பதை இந்தப் படம் உணர்த்துகிறது. இதே களத்தில் திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) விரிவான முழுநீள ஆவணம். பல இடங்களில் அதன் திரையிடலுக்கு அனுமதி மறுக்கப்பட்ட பின் யூடியூபில் வெளியாகி மக்களைச் சென்றடைந்தது.

பார்வையையே எதிர்ப்பக்கம் திருப்பிய படம் ராஜேஷ் ராஜாமணியின் ‘தி டிஸ்கிரீட் சார்ம் ஆஃப் தி சவர்ணாஸ்’ (2020). லூயி புனுவெலின் புகழ்பெற்ற படத்தலைப்பைக் கேலியாக எதிரொலிக்கும் இக்குறும்படத்தில், முற்போக்கு எண்ணம் கொண்ட மூன்று சவர்ண நண்பர்கள் தங்கள் படத்துக்கு ‘தலித் போலத் தோற்றமளிக்கும்’ நடிகரைத் தேடி நகரம் முழுக்க அலைகிறார்கள். கண்ணெதிரே இருப்பவர்களை அவர்களால் காண முடிவதில்லை. அவர்கள் மனத்திலுள்ள பிம்பத்தோடு எவரும் பொருந்துவதில்லை. நகரத்தில் உண்மையில் அந்நியமாகிப்போனவர்கள் யார் என்பதை நகைச்சுவையாலேயே படம் புரட்டிப்போடுகிறது. நீரஜ் கய்வானின் ‘கீலி புச்சி’ (2021) வணிகத் தளத்துக்காக எடுக்கப்பட்ட தொகுப்புப் படத்தின் ஒரு பகுதி. வடிவத்தில் பரிசோதனை ஏதுமில்லை. ஆனால் தொழிற்சாலையில் வேலைபார்க்கும் தலித் பெண், முதலில் வேறு குடும்பப்பெயர் சொல்லிப் பழகிய தோழியின் வீட்டுக்குப் பின்னர் செல்லும்போது, மற்றவர்களுக்குப் பீங்கானிலும் தனக்கு மட்டும் எவர்சில்வரிலும் தேநீர் வருவதைப் பார்க்கும் அந்த ஒரு காட்சி, பரோடா விடுதியின் பொய்ப்பெயரை நமக்கு நினைவூட்டுகிறது.

மலையிலிருந்து பார்க்கையில்

வெலிங்டனில் அமர்ந்து நகரத்தைப் பற்றி எழுதுவது பொருத்தமா என்று சிலர் கேட்கலாம். ஜெகதளா என்னும் படகர் ஊரின் பெயரால் அறியப்பட்ட இவ்விடத்தில் 1850களில் படைக்குடியிருப்பு எழுந்தது. இன்றும் மெட்ராஸ் ரெஜிமென்ட் மையமும் பாதுகாப்புப் படை அதிகாரிகள் கல்லூரியும் இங்கே இயங்குகின்றன. சமவெளிச் சேரிகளிலிருந்து சமையற்காரர்களாகவும் குதிரைப் பராமரிப்பாளர்களாகவும் கட்டடக் கூலிகளாகவும் மலையேறியவர்களுக்கு, மிராசுதாரின் கண்பார்வைக்கு வெளியே கிடைத்த முதல் ‘நகரம்’ இத்தகைய மலை நகரங்கள்தாம். அயோத்திதாசப் பண்டிதர் வளர்ந்ததும் 1870களில் அத்வைதானந்த சபையைத் தொடங்கியதும் இந்த நீலகிரியில். 1891இல் திராவிட மகாஜன சபையின் மாநாட்டை அவர் கூட்டியதும் இங்கேதான். ‘பறையன்’ இதழைத் தொடங்கும் முன் இரட்டைமலை சீனிவாசன் கணக்கராகப் பணிபுரிந்ததும் இங்கேதான். ஊரின் பிடி தளர்ந்த இடத்தில் சிந்தனை எழுந்தது என்றே இவ்வரலாற்றை நாம் வாசிக்கிறோம்.

தேயிலைத் தோட்டம் அந்தப் பிடியை வேறு வடிவில் மீட்டுக்கொண்டது. 1964ஆம் ஆண்டு சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பின் இலங்கையிலிருந்து அனுப்பப்பட்ட மலையகத் தமிழர்களில் பலர் அரசுத் தேயிலைத் தோட்டக் கழகத்தின் லயன்களில் குடியமர்த்தப்பட்டனர். அவர்களுள் மிகப் பலர் தலித்துகள். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி மாவட்ட மக்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் பட்டியல் சாதியினர். அவர்களுடைய பிள்ளைகள் இன்று கோவைக்கும் திருப்பூருக்கும் பெங்களூருக்கும் இறங்கிச் செல்கிறார்கள். எதிர்த்திசையில், நகரத்தில் மனம் சோர்ந்த குறும்பட நாயகன் ஆறுதல் தேடி இந்த மலைக்கு ஏறி வருகிறான். பனிமூட்டத்தில் தேயிலைச் சரிவைப் பார்த்து அவன் பெருமூச்சு விடும்போது, சட்டகத்தின் ஓரத்தில் முதுகில் கூடையோடு சிறு புள்ளியாய் ஒரு பெண் நகர்ந்துகொண்டிருப்பாள். அவளுக்குப் பனி என்பது கையுறைக்குள் விறைக்கும் விரல்.

இந்தியத் திரைப்படத்தின் மூலப்பொருளே ஒருகாலத்தில் இந்த மலையில்தான் உருவானது என்பதையும் இளைஞர்கள் பலர் அறிந்திருக்கவில்லை. தூசியற்ற காற்றுக்காக உதகையைத் தேர்ந்து 1960இல் நிறுவப்பட்ட இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ், 1967இல் உற்பத்தியைத் தொடங்கிற்று. ‘இந்து’ என்ற பெயரில் கறுப்பு வெள்ளைப் பிலிமும் எக்ஸ்-ரே பிலிமும் நாடு முழுவதும் சென்றன. வெளிச்சம் பட்டால் கெட்டுவிடும் பொருள் என்பதால் அதன் முக்கியப் பணிகளை இருளில்தான் செய்தாக வேண்டும். 1990களில் நலிவுற்ற அந்தப் பொதுத்துறை ஆலை பின்னர் மூடப்பட்டது. இந்து நகர் என்ற பெயர் மட்டும் மிஞ்சி நிற்கிறது. பிறர் எடுக்கப்போகும் பிம்பங்களுக்காக இருட்டில் வேலை செய்தவர்களைப் பற்றி நாம் பார்த்த குறும்படம் எதுவும் இல்லை.

இப்போது பிலிம் தேவையில்லை. நாம் தொடக்கத்தில் குறிப்பிட்ட மாணவி அண்மையில் தம் கைப்பேசியிலேயே நான்கு நிமிடப் படம் ஒன்றை எடுத்து நமக்கு அனுப்பினார். ஒரே காட்சி. கோவை நகரப் பேருந்தின் சன்னலுக்கு வெளியே தெருக்கள் ஓடிக்கொண்டிருக்கின்றன. ஒலியில் அவர் வாடகைக்கு வீடு கேட்டுப் பேசும் அலைபேசி உரையாடல். எதிர்முனைக் குரல் முழுவதையும் நீக்கிவிட்டு, தம் பதில்களை மட்டும் விட்டுவைத்திருக்கிறார். “ஆமாங்க, மூணு பொண்ணுங்க… காலேஜ் முடிக்கப்போறோம்… சைவம்தான் சமைப்போங்க… அப்பா எஸ்டேட்ல வேலைங்க… சொந்த ஊரா? குன்னூருங்க… அதுக்கு முன்னாடி தாத்தா காலத்துல சிலோன்ங்க…” நீண்ட இடைவெளி. பேருந்து ஒரு நிறுத்தத்தில் நின்று, ஆட்கள் இறங்கி, மீண்டும் புறப்படுகிறது. “அதுக்கும் முன்னாடி எந்த ஊருன்னு தெரியலைங்க.”